தீவாந்தரம்: எழுதும்போது சறுக்கும் இடங்கள்

பள்ளிக் கட்டுரைப் போட்டி ஒன்றுக்கு நடுவராகப் போயிருந்தேன். "வ.உ.சி. அந்தமான் சிறையில் செக்கிழுத்தார்" என்று ஒரு மாணவி எழுதியிருந்தாள். மதிப்பெண் குறைக்கக் கை வரவில்லை. செக்கு என்றால் செல்லுலார் சிறை, செல்லுலார் என்றால் அந்தமான், அந்தமான் என்றால் விடுதலைப் போர் என்ற முடிச்சுகளைப் போட்டு வைத்தவர்கள் பெரியவர்களாகிய நாம்தான்.

வ.உ.சி. செக்கிழுத்தது கோயம்புத்தூர்ச் சிறையில். 1908 ஜூலையில் நீதிபதி பின்ஹே அவருக்கு இரண்டு ஆயுள் தீவாந்தர தண்டனை (கைதியைக் கடல் கடந்த இடத்துக்கு உழைக்க அனுப்புவது) விதித்தது உண்மை. ஓர் ஆயுளை 20 ஆண்டு என்று கணக்கிட்டுத்தான் "நாற்பது ஆண்டு" என்று எழுதுகிறோம். மேல்முறையீட்டில் அது ஆறு ஆண்டாகக் குறைந்தது. கோவையிலும் கண்ணனூரிலும் இருந்துவிட்டு 1912 டிசம்பரில் வெளியே வந்தார். கப்பல் விட்ட அந்த மனிதரைக் கைதியாகக் கப்பல் ஏற்றவே இல்லை.

இந்தத் தவற்றுக்கு அடியில் இன்னொன்று இருக்கிறது: விதித்த தண்டனையையும் அனுபவித்த தண்டனையையும் ஒன்றாக எண்ணுவது. தீர்ப்பில் "தீவாந்தரம்" என்ற சொல்லைக் கண்டவுடன் ஆளைத் தீவில் கொண்டுபோய் விட்டுவிடக் கூடாது. கப்பல் பட்டியலில் பெயர் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும்.

சொல்லிலும் ஒரு குழப்பம். தமிழில் "நாடுகடத்தல்" என்ற ஒரே சொல்லை எல்லாவற்றுக்கும் புழங்குகிறோம். தப்பியோடிய குற்றவாளியை ஒரு நாடு இன்னொரு நாட்டிடம் ஒப்படைப்பதும் அதுதான், விசா முடிந்தவரைத் திருப்பி அனுப்புவதும் அதுதான், தோற்ற மன்னரை வெளியூரில் கொண்டுபோய் வைப்பதும் அதுதான். கண்டியின் கடைசி மன்னர் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன் 1816இல் வேலூருக்குக் கொண்டுவரப்பட்டு 1832இல் அங்கேயே இறந்தார். பகதூர் ஷா ஜாபர் 1858இல் ரங்கூனுக்கு அனுப்பப்பட்டார். இவர்கள் அரசியல் கைதிகள். காவல் உண்டு, படி உண்டு, கல் உடைக்கும் வேலை கிடையாது. தீவாந்தரம் வேறு. அதில் கைதியின் உடலுழைப்பு ஒரு சரக்கு. எங்கே சாலை போட வேண்டுமோ, சதுப்பைத் தூர்க்க வேண்டுமோ, அங்கே அந்தச் சரக்கு போகும். பழைய நூல்களின் "தீவாந்தரம்" என்ற சொல்லை நாம் கைவிட்டது நஷ்டம்தான். இந்தக் கட்டுரையிலாவது அது இருக்கட்டும்.

அந்தமானில்தான் எல்லாம் தொடங்கியது என்று நினைப்பது அடுத்த சறுக்கல். 1718 முதல் 1775 வரை பிரிட்டன் சுமார் 50,000 கைதிகளை அமெரிக்கக் குடியேற்றங்களுக்கு அனுப்பியது. அமெரிக்கா பிரிந்து போனதும், தேம்ஸ் ஆற்றில் பழைய கப்பல்களை நிறுத்தி அவற்றில் கைதிகளை அடைத்துப் பார்த்தார்கள். அதுவும் நிரம்பி வழிந்தது. 1787 மே மாதம் 11 கப்பல்கள் ஆஸ்திரேலியாவுக்குப் புறப்பட்டன. ஏறத்தாழ அதே காலத்தில் கிழக்கிந்தியக் கம்பெனியும் இந்தியக் கைதிகளைச் சுமத்ராவிலுள்ள பென்கூலனுக்கு அனுப்பத் தொடங்கிவிட்டது. பிறகு பினாங்கு, மொரிஷியஸ், மலாக்கா, சிங்கப்பூர், பர்மாவின் கடற்கரை. அந்தமானிலும் 1789இல் ஒருமுறை முயன்று, நோய் தாங்காமல் 1796இல் கைவிட்டுவிட்டார்கள்.

தமிழ்நாட்டுக்காரர்களுக்கு இதில் மறக்கக் கூடாத ஊர் பினாங்கு. மருது சகோதரர்களை 1801 அக்டோபரில் திருப்பத்தூரில் தூக்கிலிட்ட பிறகு, பாளையக்காரர் தரப்பில் எஞ்சியவர்கள் எழுபதுக்கும் மேற்பட்டோரை 1802 பிப்ரவரியில் தூத்துக்குடியில் கப்பலேற்றி அங்கே அனுப்பினார்கள். அவர்களில் சின்ன மருதுவின் மகன் துரைசாமியும் ஒருவன். பதின்ம வயதைத் தாண்டாதவன். கர்னல் ஜேம்ஸ் வெல்ஷ் என்ற கம்பெனி அதிகாரி, போருக்கு முன்பு மருதுவிடம் வளரி எறியப் பழகியவர், 1818இல் பினாங்கில் இருந்தார். ஒருநாள் தளர்ந்துபோன கிழவரைப் போன்ற ஒருவர் அவர் முன் வந்து நின்றார். யாரென்று வெல்ஷுக்குத் தெரியவில்லை. பெயரைச் சொன்ன பிறகுதான் துரைசாமி என்று புரிந்தது. முப்பதைச் சற்றே தாண்டியிருக்கக்கூடிய ஒருவரைத்தான் வெல்ஷின் கண்கள் கிழவராகப் பார்த்தன. இதை அவரே தம் நினைவுக் குறிப்பில் எழுதி வைத்திருக்கிறார். அந்தமானில் கைதிகள் நிரந்தரமாகக் குடியேற்றப்படுவதற்கு 40 ஆண்டுகளுக்கு முந்தைய கதை இது.

சரி, அந்தமானுக்கே வருவோம். இங்கே நடக்கும் பெரிய தவறு, செல்லுலார் சிறையை முழுக் கதையாக எடுத்துக்கொள்வது. 1858 மார்ச் 10ஆம் தேதி ஜே. பி. வாக்கர் என்ற அதிகாரி 200 கைதிகளுடன் போர்ட் பிளேரில் இறங்கினார். சிறைக்கு அடிக்கல் விழுந்தது 1896இல், கட்டி முடித்தது 1906இல். நடுவிலிருந்த 38 ஆண்டுகள் என்ன ஆயின? அந்தக் காலத்தில் சிறையின் வேலையைக் கடல்தான் செய்தது. கைதிகள் பகலில் காடு வெட்டினார்கள், இரவில் கொட்டகைகளில் படுத்தார்கள். தப்பியோடினால் போக இடமில்லை என்று அதிகாரிகள் நினைத்தார்கள். ஆனால் கைதிகள் ஓடத்தான் செய்தார்கள். பிடிபட்டவர்களில் 80க்கும் மேற்பட்டவர்களை முதல் சில மாதங்களுக்குள் வாக்கர் தூக்கிலிட்டார்.

வருடங்கள் செல்ல, ஒழுங்காக இருந்த கைதிகளுக்குச் சீட்டுக் கொடுத்தார்கள். சீட்டு வாங்கியவர் சொந்தமாகப் பயிர் செய்யலாம், மாடு வளர்க்கலாம், பெண் கைதி ஒருவரை மணந்து குடும்பம் நடத்தலாம். இப்படிப் பிறந்த பிள்ளைகளின் வழியில் வந்தவர்கள் இன்றும் அங்கே தனிச் சமூகமாக வாழ்கிறார்கள். முன்னோர் பஞ்சாபியோ தமிழரோ, வீட்டு மொழி இந்துஸ்தானி ஆகிவிட்டது.

இதனால் ஒரு வேடிக்கை நடந்தது. 1890இல் அந்தமானைப் பார்வையிட வந்த லயல், லெத்பிரிட்ஜ் என்ற இரு அதிகாரிகள், இந்தியச் சிறைகளில் அடைபட்டிருப்பவர்கள் அந்தமானுக்குப் போவதையே விரும்புகிறார்கள் என்று கண்டார்கள். அச்சுறுத்த உண்டாக்கிய தண்டனைக்கு ஆள் ஆசைப்படுவதா! வந்திறங்கும் கைதியை முதல் ஆறு மாதம் தனி அறையில் பூட்டி வாட்ட வேண்டும் என்று பரிந்துரைத்தார்கள். அந்தப் பரிந்துரையின் விளைவுதான், கைதிகளின் கையாலேயே எழுந்த ஏழு சிறகுகள் கொண்ட செல்லுலார் சிறை. இன்று மூன்று சிறகுகள் நிற்கின்றன. எழுதுகிறவர்கள் இந்த வரிசையை மாற்றிவிடக் கூடாது. சிறை முதலில் வந்து குடியேற்றம் பின்னால் வரவில்லை. குடியேற்றம் மென்மையாகிவிட்டது என்ற அதிகாரிகளின் எரிச்சலில் பிறந்தது சிறை.

அங்கே இருந்தவர்கள் எல்லோரும் விடுதலைப் போராளிகள் என்பதும் சரியல்ல. அந்தமானுக்கு அனுப்பப்பட்ட கைதிகள் மொத்தம் சுமார் 80,000 பேர். செல்லுலார் சிறையில் இருந்த அரசியல் கைதிகள் சில நூறு பேர். 1857இல் கிளர்ந்தவர்கள், பிரிட்டிஷ் ஆட்சியை எதிர்த்த முஸ்லிம் சீர்திருத்த இயக்கத்தாரான வஹாபிகள், 1921இல் மலபாரில் எழுந்த மாப்பிளா முஸ்லிம்கள் என்று எல்லோரையும் சேர்த்தாலும், பெரும்பகுதி கொலை, கொள்ளை வழக்குகளில் தண்டனை பெற்றவர்கள்தான். இப்படிச் சொன்னால் சிலருக்கு முகம் சுருங்குகிறது. நிலத் தகராறில் அண்ணனை வெட்டிவிட்டுப் போய், சதுப்பில் மண் சுமந்து மலேரியாவில் செத்தவனுக்கும் ஒரு வரலாறு இருக்கிறது. அவன் நினைவுக் குறிப்பு எழுதவில்லை, அவ்வளவுதான்.

ஆஸ்திரேலியாவைப் பற்றி எழுதும்போதும் இதே சுவர் மயக்கம் வருகிறது. 1788 முதல் 1868 வரை அங்கே போன சுமார் 1,62,000 கைதிகளில் பெரும்பாலோர் சிறைக்குள் காலம் கழிக்கவில்லை. அவர்களைப் பண்ணையாரிடமும் கடைக்காரரிடமும் வேலைக்கு ஒப்படைத்தார்கள். நார்ஃபோக் தீவு, போர்ட் ஆர்தர் போன்ற கடுஞ்சிறைகள், வந்த இடத்தில் மறுபடி குற்றம் செய்தவர்களுக்கே பெரும்பாலும் ஒதுக்கப்பட்டன. ரொட்டி திருடியதற்காகக் கப்பலேற்றினார்கள் என்ற கதையையும் அளவோடு வைத்துக்கொள்ளுங்கள். அப்படியும் சிலர் இருந்தார்கள், பலர் முன்பே ஒன்றிரண்டு முறை பிடிபட்ட திருடர்கள். பிரான்சிஸ் கிரீன்வே என்ற கட்டடக் கலைஞர் பத்திரத்தில் போலி செய்ததற்காக அனுப்பப்பட்டவர். சிட்னியின் நல்ல கட்டடங்கள் சில அவருடையவை. பிற்காலத்தில் ஆஸ்திரேலியாவின் பத்து டாலர் நோட்டில் அவர் படத்தையே போட்டார்கள். போலிப் பத்திரக்காரர் படம் பணத்தாளில்! ஆஸ்திரேலியர்களின் நகைச்சுவை உணர்வை இதற்காகவே மெச்சலாம். இன்னொன்று: தெற்கு ஆஸ்திரேலியா கைதிகளே இல்லாமல் உருவான குடியேற்றம். 1851க்குப் பிறகு தங்கம் தேடி வந்த கூட்டமோ கைதிகளின் எண்ணிக்கையை எங்கோ பின்னுக்குத் தள்ளிவிட்டது. "அங்கிருப்பவர்கள் எல்லாம் கைதிகளின் பேரப்பிள்ளைகள்" என்பது திண்ணைப் பேச்சு.

கப்பல் பயணம் என்றாலே பாதிப் பேர் செத்தார்கள் என்று எழுதுவதையும் நிறுத்த வேண்டும். 1790இல் ஆஸ்திரேலியாவுக்குப் போன இரண்டாம் கப்பல் கூட்டத்தில் ஆயிரத்துச் சொச்சம் பேரில் கால்வாசி வழியிலேயே இறந்தது மெய். ஏன் என்பதுதான் கவனிக்க வேண்டியது. ஒப்பந்தம் எடுத்தது அடிமை வியாபாரத்தில் பழகிய நிறுவனம். கப்பலில் ஏறும் தலைக்கு இவ்வளவு என்று பணம் பேசியிருந்தார்கள், உயிரோடு இறங்கும் தலைக்கு அல்ல. கைதி செத்தால் அவன் சோறு மிச்சம். பின்னர் கணக்கை மாற்றினார்கள். 1815 முதல் அரசு மருத்துவர் ஒருவரைக் கப்பலில் அதிகாரத்தோடு அமர்த்தினார்கள். சாவு நூற்றுக்கு ஒன்று என்ற அளவுக்கு இறங்கியது. அதே கடல், அதே மரக்கப்பல். மாறியது பணம் கொடுக்கும் முறையும் பொறுப்பும்.

தீவுகள் ஆளில்லாமல் கிடந்தன என்ற நினைப்பு பல கட்டுரைகளில் சொல்லாமலே உட்கார்ந்திருக்கிறது. 1859 மே மாதம் அந்தமானின் பூர்வகுடிகள் அபர்தீன் என்ற இடத்தில் குடியேற்றத்தைத் தாக்கினார்கள். முன்னெச்சரிக்கை கொடுத்தவர் துத்நாத் திவாரி என்ற கைதி. தப்பியோடி ஓராண்டு அந்த மக்களோடு வாழ்ந்து, திரும்பிவந்து அவர்கள் திட்டத்தைச் சொல்லி மன்னிப்பு வாங்கியவர். அவரை வீரர் என்பதா, வேறு பெயர் சொல்வதா என்று எனக்கு இன்னும் துணியவில்லை. 1877இல் பரவிய தட்டம்மையும் மற்ற நோய்களும் 'பெரிய அந்தமானியர்' என்ற பூர்வகுடியினரை அழிவின் விளிம்புக்குத் தள்ளின. கைதிகள் ஒடுக்கப்பட்டவர்கள்தாம். ஆனால் அவர்கள் வெட்டிய காடு வேறொருவரின் வீடு.

கைதிகளையும் ஒப்பந்தக் கூலிகளையும் கலப்பது நம்மிடம் அதிகம். மொரிஷியஸுக்கு 1815 முதல் 1837 வரை ஏறத்தாழ 1,500 இந்தியக் கைதிகள் போனார்கள். ஒப்பந்தக் கூலிகள் 1834 முதல் போனார்கள், லட்சக்கணக்கில். பிஜிக்குப் போனவர்கள் கைதிகள் அல்லர். மலேயாத் தோட்டங்களுக்குக் கங்காணி அழைத்துச் சென்றவர்களும் அல்லர். துயரம் ஒத்திருப்பதால் கதையும் ஒன்றே என்று ஆகிவிடாது.

சிங்கப்பூருக்கு 1825இல் பென்கூலனிலிருந்து மாற்றப்பட்ட முதல் கைதிகள் சென்னை மாகாணத்தவர். உடனே "தமிழர்கள்" என்று எழுதிவிடாதீர்கள். சென்னை மாகாணக் கைதி என்றால் தெலுங்கர், கன்னடர், மலையாளி எவராகவும் இருக்கலாம். சிங்கப்பூரின் புனித அந்திரேயா பேராலயத்தைக் கட்டியவர்கள் இந்தியக் கைதிகள். உட்சுவரின் பூச்சுக்கு "மெட்ராஸ் சுண்ணாம்பு" என்றே பெயர்: கிளிஞ்சல் சுண்ணாம்பு, முட்டை வெள்ளைக்கரு, வெல்லம், தேங்காய் மட்டை ஊறிய நீர். செட்டிநாட்டுச் சுவரைத் தடவிப் பார்த்தவர்களுக்குப் பக்குவம் புரியும். இந்தக் கைதிகளை மேய்த்ததும் கைதிகளே. நன்னடத்தைக்காரர்களைக் காவலர்களாக உயர்த்தி, விரல்விட்டு எண்ணக்கூடிய ஐரோப்பியர்களை வைத்துக்கொண்டு ஆயிரக்கணக்கானவர்களை நடத்தினார்கள்.

கடைசியாக, முடிந்த தேதி. 1937, 1938இல் அரசியல் கைதிகள் தாயகம் திரும்பியதோடு முடிந்தது என்பார்கள், சிலர் 1947 என்பார்கள். அந்தமான் கைதிக் குடியேற்றத்தைக் கலைத்தது 1945இல். ஆனால் சட்டப் புத்தகத்தில் "ஆயுள் தீவாந்தரம்" என்ற சொல் அதற்குப் பிறகும் பத்தாண்டு இருந்தது. 1955இல் திருத்தச் சட்டம் வந்து, 1956 ஜனவரி 1 முதல்தான் அது "ஆயுள் சிறை" ஆயிற்று. தீவாந்தரம் விதிக்கப்பட்டவரை இந்தியச் சிறையிலேயே வைத்திருப்பது சட்டப்படி செல்லும் என்று 1945இல் லண்டனிலிருந்த உச்ச மேல்முறையீட்டு மன்றமான பிரிவி கவுன்சிலும் சொல்லியிருந்தது. ஆகவே உங்கள் குடும்பத்தில் யாரோ ஒரு பாட்டனார் 1940களில் தீவாந்தரம் போனார் என்று பேச்சிருந்தால், போர்ட் பிளேருக்கு டிக்கெட் எடுக்கும் முன் பாளையங்கோட்டை, வேலூர், கண்ணனூர்ச் சிறைகளின் பழைய பதிவேடுகளைக் கேட்டுப் பாருங்கள். ஊருக்குப் பக்கத்திலேயே இருந்திருப்பார்.