ஜூனியாட்டா ஆற்றில் ஹெல்கிரமைட் தேடுவது எப்படி

பென்சில்வேனியாவில் எங்கள் வீட்டிலிருந்து ஜூனியாட்டா ஆறு நடக்கிற தூரம்தான். கோடை வந்தால் மகளோடு இறங்கி ஒரு பூச்சியைத் தேடுவது வழக்கம். சிறகு முளைத்த பிறகு அதன் பெயர் டாப்சன் பூச்சி. தண்ணீருக்குள் புழுவாக இருக்கும்போது இங்குள்ளவர்கள் ஹெல்கிரமைட் என்பார்கள். பாஸ் மீன் பிடிப்பவர்களுக்கு அது நல்ல தூண்டில் இரை. எனக்கோ ஆற்றின் நலத்துக்குச் சாட்சி.

தேங்கிய தண்ணீரில் தேட வேண்டாம். முழங்காலுக்குக் கீழே ஆழம், கற்களில் மோதிச் சலசலத்து ஓடும் தண்ணீர், அதுதான் இடம். அங்கேதான் பிராணவாயு நிறையக் கலந்திருக்கும். கல்லுக்கு அடியில் இடுக்கும் வேண்டும். கரை சரிந்து சேறு அடைத்த பகுதியில் நான் ஒன்றைக்கூடக் கண்டதில்லை.

இறங்கும் முன் நிமிர்ந்து பாருங்கள். ஜூன், ஜூலையில் பாலத்தின் தூணிலும், ஆற்றின் மேல் சாய்ந்த கிளைகளின் இலைகளிலும் நாணய அளவில் வெள்ளைத் திட்டுகள் தெரியும், சுண்ணாம்பை அப்பியது போல. பறவை எச்சம் என்று நினைத்துப் பல வருஷம் கடந்து போயிருக்கிறேன். அது முட்டைக் கூட்டம், ஒரு திட்டில் ஆயிரம் முட்டை வரை இருக்கும். ஒன்றிரண்டு வாரத்தில் பொரிந்து, குஞ்சுகள் நேரே தண்ணீரில் விழும். அதனால் சுரண்டிப் பார்க்காதீர்கள்.

தேட இரண்டு பேர் வேண்டும். ஒருவர் நீரோட்டத்தின் கீழ்ப்பக்கம் வலையைத் தரையோடு அழுத்திப் பிடிக்கட்டும். மற்றவர் அரை மீட்டர் மேலே நின்று, தேங்காய் அளவுக் கற்களை ஒவ்வொன்றாகத் தூக்கி, அடிப்பக்கத்தைக் கையால் தடவிவிட வேண்டும். பிடி விட்ட புழு ஓட்டத்தோடு வலைக்குள் வந்துவிடும். பெரிய தட்டைப் பாறைகளை மட்டும் அசைக்கவே கூடாது. ஹெல்பெண்டர் என்ற, பல்லி போலத் தெரியும் பெரிய சாலமாண்டருக்கு அப்படிப்பட்ட பாறைதான் வீடு, முட்டையிடுவதும் அதன் அடியில்தான். 2019ல் பென்சில்வேனியா அதைத் தன் மாநில நீர்நிலவாழ் உயிரியாக அறிவித்தது. அது ஏற்கெனவே அருகிவருகிறது, நம் ஆசைக்காக அதன் கூரையைப் பெயர்க்க வேண்டாம்.

சரி, கிடைத்துவிட்டது. தலைக்குப் பின்னால் உள்ள கெட்டியான பட்டையை இரண்டு விரலால், நண்டைப் பின்பக்கமாகப் பிடிப்பது போலப் பிடியுங்கள். முதல் வருஷம் நான் நடு உடம்பில் பிடித்தேன். அது வளைந்து கட்டைவிரலைக் கவ்வியதில் ரத்தமே வந்துவிட்டது. விஷம் கிடையாது, வலி மட்டும் உண்டு. வெள்ளைத் தட்டில் ஆற்றுத் தண்ணீர் ஊற்றி, ஒரு தட்டுக்கு ஒன்று என்று விடுங்கள். சேர்த்து விட்டால் ஒன்றையொன்று கடிக்கும்.

பார்க்கப் பூரான் மாதிரி இருக்கும். ஆனால் உண்மையான கால்கள் ஆறுதான். வயிற்றின் இருபுறமும் கால் போல நீண்டிருப்பவை எட்டு ஜோடிச் சதை இழைகள். முதல் ஏழு ஜோடியின் அடியில் பஞ்சுக் கொத்து போன்ற செவுள்களைத் தேடுங்கள். அந்தக் கொத்து இல்லையென்றால் அது இதன் உறவான மீன்பூச்சியின் புழுவாக இருக்கலாம். வால் முனையில் இரண்டு குட்டைப் பொய்க்கால்கள், ஒவ்வொன்றிலும் இரண்டு கொக்கி. வெள்ளத்திலும் கல்லை விடாமல் பற்றிக்கொள்ள அவைதான் உதவுகின்றன.

மற்றப் பூச்சிகளின் புழுக்களைத் தின்று, இது இரண்டு மூன்று வருஷம் தண்ணீருக்குள்ளேயே வளரும். சோதனைக்கு ஒரு நாள் எடுத்த தண்ணீர் அந்த ஒரு நாளின் நிலையைத்தான் சொல்லும். விரல் நீளப் புழு கிடைத்தால், இத்தனை வருஷமும் அதற்கு மூச்சும் தீனியும் தடைப்படவில்லை என்று அர்த்தம். மகள் ஒவ்வொன்றின் நீளத்தையும் நோட்டில் எழுதி வைப்பது இதற்காகத்தான்.

ஐந்து நிமிஷத்துக்கு மேல் தட்டில் வைக்காதீர்கள், தண்ணீர் சூடாகிவிடும். எடுத்த இடத்திலேயே விட்டு, கல்லையும் அதே பக்கம் கீழே இருக்கும்படி வையுங்கள்.

கோடைத் தொடக்கத்தில் முழுதாக வளர்ந்த புழு கரையேறி, கல்லுக்கோ மரக்கட்டைக்கோ அடியில் குழி தோண்டிக் கூட்டுப்புழுவாகும். அந்த நாட்களில் கரையில் கிடக்கும் கட்டைகளைப் புரட்ட வேண்டாம். அப்புறம் 12 சென்டிமீட்டருக்கு மேல் சிறகு விரியும் பூச்சியாக இரவில் வெளியே வரும். ஆணுக்கு அரிவாள் போல நீண்ட தாடைகள், ஆனால் அவற்றால் அழுத்திக் கடிக்க முடியாது. பெண்ணின் தாடை குட்டை, அதுதான் கடிக்கும். ஆண் மூன்று நாள் போல வாழும், பெண் ஒரு வாரத்துக்குச் சற்று மேலே. அதற்குள் அவள் ஆற்றின் மேல் ஓர் இலையைத் தேடி முட்டையிட்டாக வேண்டும். வெளிச்சத்துக்கு மயங்கி உங்கள் சுவரில் வந்து உட்கார்ந்திருந்தால், ஆசைதீரப் பார்த்துவிட்டு வாசல் விளக்கை அணைத்துவிடுங்கள்.