நீலத்தை நம்பாதீர்கள்: சின்ன மீன்கொத்திகளைப் பிரித்துப் பார்ப்பது எப்படி?

மழை விட்டு வாய்க்கால்களில் தண்ணீர் தெளிய ஆரம்பித்ததும் எனக்கு வாட்ஸ்அப்பில் படங்கள் வரத் தொடங்கிவிடும். மங்கலாக, பாதி இலைக்குப் பின்னால், பளிச்சென்ற நீலத்தில் ஒரு பறவை. கூடவே ஒரு கேள்வி: "இது நீலக்காது மீன்கொத்திதானே?" பெரும்பாலும் இல்லை. நம் ஏரிக்கரையில் தினமும் உட்கார்ந்திருக்கிற சிறு நீல மீன்கொத்திதான் அது. கேட்பவர் மேல் தப்பு எதுவும் இல்லை, அந்த நீலம் அப்படித்தான் ஆளை ஏமாற்றும். அதனால் நிறத்தைக் கொஞ்சம் ஓரமாக வைத்துவிட்டு, வேறு எதைப் பார்த்தால் சந்தேகமில்லாமல் சொல்லலாம் என்று எழுதுகிறேன்.

முதலில் சின்னது எது, பெரியது எது என்று பிரித்துக்கொள்ளுங்கள். தண்ணீரே இல்லாத இடத்தில், கரண்ட் கம்பியில் உட்கார்ந்துகொண்டு கரகரவென்று கத்துகிற, மார்பு வெள்ளையாக இருக்கிற பறவை வெண்மார்பு மீன்கொத்தி. அது கிட்டத்தட்ட 28 செ.மீ. நீளம். ஏரிக்கு மேலே காற்றில் ஒரே இடத்தில் சிறகடித்து நின்று, கல் விழுந்த மாதிரி தொப்பென்று விழுவது கருப்பு வெள்ளை மீன்கொத்தி. இந்த இரண்டையும் ஒதுக்கிவிடலாம். நாம் பேசப்போகிற கூட்டத்தில் சிறு நீல மீன்கொத்தி 16 செ.மீ.தான், அதிலும் கால்வாசி அலகு. அலகைக் கழித்துவிட்டுப் பார்த்தால் சிட்டுக்குருவி அளவுகூடத் தேறாது. மூவிரல் மீன்கொத்தி இன்னும் சின்னது, சுமார் 13 செ.மீ.; எடை 14 முதல் 21 கிராம் வரைதான். இரண்டு பத்து ரூபாய் நாணயத்தை உள்ளங்கையில் வைத்துப் பாருங்கள், ஒரு மூவிரல் மீன்கொத்தி அவ்வளவுதான் கனக்கும்.

தமிழ்நாட்டிலும் கேரளத்திலும் இலங்கையிலும் இந்தச் சின்னக் கூட்டத்தில் மூன்று இனங்கள் இருக்கின்றன: சிறு நீல மீன்கொத்தி, நீலக்காது மீன்கொத்தி, மூவிரல் மீன்கொத்தி. மூன்றாவதில் குழப்பமே வராது. தலையில் ஆரஞ்சும் ஊதாவும் கலந்த ஒரு நிறம், அடியில் மஞ்சள், முதுகு மட்டும் கருநீலம், அலகும் காலும் நல்ல சிவப்பு. ஒருமுறை பார்த்தவர் ஆயுசுக்கும் மறக்கமாட்டார். சிக்கல் எல்லாம் முதல் இரண்டுக்கும் நடுவில்தான்.

சரி, காதைப் பாருங்கள். கண்ணுக்குப் பின்னால், கன்னத்துக்கு மேலே இருக்கிற அந்தப் பட்டை. சிறு நீல மீன்கொத்திக்கு அது ஆரஞ்சாக இருக்கும், அதற்குப் பின்னால் கழுத்தோரம் ஒரு வெள்ளைத் திட்டு. நீலக்காதில் வளர்ந்த பறவைக்கு அந்த ஆரஞ்சு கிடையாது. கண்ணுக்குப் பின்னாலும் நீலமே ஓடி, அதற்கப்புறம்தான் வெள்ளைத் திட்டு வரும். பைனாகுலரில் முதுகை ரசித்துக்கொண்டு நின்றால் இது தப்பிவிடும். முதல் இரண்டு நொடியும் முகத்துக்கு, மற்றதெல்லாம் அப்புறம் என்று பழகிக்கொள்ளுங்கள், ஏனென்றால் மூன்றாவது நொடியில் அது பெரும்பாலும் "சீ" என்று ஒரு கூர்மையான விசிலோடு தண்ணீரை ஒட்டி அம்பு மாதிரி போய்விட்டிருக்கும்.

நிறத்தை ஏன் நம்பக் கூடாது என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், நம் ஊர் ஆட்கள் அதிகம் தடுக்கி விழுவது இங்கேதான். வெளிநாட்டுக் கையேடுகளில் சிறு நீல மீன்கொத்தியின் முதுகைப் பச்சை கலந்த நீலம் என்றும், நீலக்காதின் முதுகை அடர்ந்த பளபளப்பான நீலம் என்றும் எழுதியிருப்பார்கள். ஐரோப்பாவுக்கு அது சரி. ஆனால் சிறு நீல மீன்கொத்திக்குள்ளேயே ஏழு துணையினங்கள், அதாவது பகுதிக்குப் பகுதி சற்று மாறுபடுகிற வகைகள், இருக்கின்றன. தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் இருப்பதற்குப் பெயர் தப்ரபானா. இலங்கையைக் கிரேக்கர்கள் அழைத்த தப்ரபேன் என்ற பழைய பெயரிலிருந்து வந்தது. இந்தத் துணையினத்தின் முதுகில் பச்சைச் சாயல் கிடையாது, நல்ல நீலமாகவே இருக்கும். வடக்கே இருக்கிற பறவையைவிட வயிற்றிலும் செம்மை தூக்கலாக இருக்கும். அதாவது நம் ஊர்ச் சாதாரண மீன்கொத்தியே கையேட்டில் இருக்கிற நீலக்காது மாதிரி தெரியும். இதோடு வெளிச்சம் வேறு சேர்ந்துகொள்கிறது. அந்த நீலம் சாயம் இல்லை. வயிற்றில் இருக்கிற ஆரஞ்சு மட்டும்தான் நிறமி. நீலம், இறகின் உள்ளே இருக்கிற நுண்ணிய பஞ்சு போன்ற அமைப்பில் ஒளி சிதறுவதால் வருவது. அதனால் நிழலில் ஒரு நிறம், வெயிலில் வேறு நிறம், பறக்கும்போது முதுகின் நடுவில் மின்னல் கீற்று மாதிரி இன்னொன்று. ஒரே குச்சியில், ஒரே பறவையை, காலை ஏழு மணிக்கும் பத்து மணிக்கும் படமெடுத்துப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள், நான் சொல்வது புரியும்.

காதிலும் ஒரு பொறி இருக்கிறது. நீலக்காதின் இளம் பறவைக்குக் காது ஆரஞ்சாகத்தான் இருக்கும். அப்போது இடத்தை வைத்து யோசிக்க வேண்டும். சிறு நீல மீன்கொத்தி திறந்த தண்ணீரை விரும்புவது; ஏரி, வாய்க்கால், கழிமுகம், கோயில் குளம் எல்லாம் அதற்குச் சம்மதம். நீலக்காது, மரம் கவிந்து இருட்டாக இருக்கிற காட்டோடையை விட்டு அதிகம் வெளியே வராது. மேற்குத் தொடர்ச்சி மலைப் பக்கம் அப்படிப்பட்ட ஓடைகளில்தான் தேட வேண்டும், இலங்கையிலோ அது மிக அரிது. ஆகவே நெல்வயல் மதகில் நீலக்காதைப் பார்த்தேன் என்று யாராவது சொன்னால், அவர் மனம் நோகாமல் முகம் தெளிவாகத் தெரிகிற இன்னொரு படம் கேளுங்கள்.

ஆணா பெண்ணா என்பது இதைவிடச் சுலபம். சிறு நீல மீன்கொத்தியின் ஆணுக்கு அலகு முழுக்கக் கருப்பு. பெண்ணுக்குக் கீழ் அலகு சிவந்து, நுனி மட்டும் கருத்திருக்கும். "பெண் வெற்றிலை போட்டிருக்கும்" என்றுதான் நான் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுப்பது, ஒருமுறை சொன்னால் போதும். நீலக்காதிலும் பெண்ணுக்குத்தான் கீழ் அலகில் சிவப்பு கூடுதல். மூவிரலில் இது செல்லாது, இரண்டுக்குமே அலகு சிவப்பு.

பெயர் கண்டுபிடித்தாயிற்று என்று கிளம்பிவிடாதீர்கள், இன்னும் ஒரு அரை மணி நேரம் உட்காருங்கள். வெயில் ஏறுவதற்கு முன், சூரியன் உங்கள் முதுகுப் பக்கம் இருக்கிற மாதிரி, கரையோடு கரையாகத் தாழ்வாக. எங்கே உட்காருவது என்பதைப் பறவையே சொல்லிவிடும்: தண்ணீருக்கு மேலே நீட்டிக்கொண்டிருக்கிற ஏதாவது ஒரு குச்சியில் வெள்ளை எச்சம் வழிந்திருந்தால் அது அதன் வழக்கமான இடம், திரும்ப வரும். போன தை மாதம் ஒரு மதகின் துருப்பிடித்த கம்பியில் ஒரு பெண் மீன்கொத்தி வந்து உட்கார்ந்தது, எனக்கும் அதற்கும் ஏழெட்டு அடிதான். தலையை இரண்டு தரம் மேலும் கீழும் ஆட்டி ஆழத்தை அளந்தது. ஒரு கணம் காணவில்லை, அடுத்த கணம் அதே கம்பியில், வாயில் விரல் நீளக் கெண்டைக் குஞ்சு. வாலைக் கவ்விக்கொண்டு கம்பியில் இடப்பக்கம் ஒரு அடி, வலப்பக்கம் ஒரு அடி, டக் டக் என்று எனக்குக் கேட்டது. மீன் துடிப்பு அடங்கியதும் திருப்பிப் பிடித்துத் தலையை முதலில் விழுங்கியது. வால் பக்கமிருந்து விழுங்கினால் செதிலும் துடுப்பும் தொண்டையில் சிக்கும். இதில் கவனிக்க ஒன்று உண்டு. மீனின் தலை வெளிப்பக்கம் பார்க்கிற மாதிரி அலகில் பிடித்துக்கொண்டு ஒரு மீன்கொத்தி பறந்தால், அது தான் தின்பதற்கு இல்லை. ஜோடிக்கோ குஞ்சுக்கோ கொடுக்கப் போகிறது. பக்கத்தில் எங்கோ அதன் கூடு, அதாவது கரை மண்ணில் தோண்டிய வளை, இருக்கிறது என்று அர்த்தம்.

இப்போது இவற்றின் உறவுமுறைக்கு வருகிறேன். மீன்கொத்திக் குடும்பம் மொத்தத்தையும் மூன்று துணைக்குடும்பங்களாகப் பிரிக்கிறார்கள். வெண்மார்பு மீன்கொத்தி ஒன்றில், கருப்பு வெள்ளை மீன்கொத்தி இன்னொன்றில், நாம் பார்த்த மூன்று சின்னதுகளும் மூன்றாவதில். இந்த மூன்றாவதில் நான்கு பேரினங்கள், அதாவது நெருங்கிய சொந்தமுள்ள இனங்களின் தொகுப்புகள். அல்செடோவில் சிறு நீலம், நீலக்காது, வடகிழக்கு இந்தியாவில் இருக்கிற 22 செ.மீ. அளவு பெரிய நீலம் என்று எட்டு இனங்கள். சீயிக்ஸில் நம் மூவிரல் மீன்கொத்தியோடு பிலிப்பைன்ஸ், நியூ கினி, சாலமன் தீவுகள் என்று தீவுக்குத் தீவு பிரிந்து கிடக்கிற இருபதுக்கும் மேற்பட்ட இனங்கள். மற்ற இரண்டும், கோரிதோர்னிஸும் இஸ்பிடினாவும், ஆப்பிரிக்காவையும் மடகாஸ்கரையும் சேர்ந்தவை. உலகத்திலேயே சின்ன மீன்கொத்தி, 10 செ.மீ. அளவுள்ள ஆப்பிரிக்கக் குள்ள மீன்கொத்தி, இஸ்பிடினாவில்தான் வருகிறது.

இதைப் பிரிப்பதற்கு முன்பெல்லாம் விரலைத்தான் எண்ணினார்கள். எல்லா மீன்கொத்திக்கும் முன்விரல்கள் பாதிக்கு மேல் ஒட்டியே இருக்கும். சிலவற்றில் ஒரு விரல் காணாமலே போய் மூன்றுதான் மிஞ்சும். மூன்று விரல் இருந்தால் ஒரு பக்கம், நான்கு இருந்தால் மறுபக்கம், அதோடு பூச்சி தின்பவை ஒரு பக்கம், மீன் தின்பவை மறுபக்கம் என்று வைத்தார்கள். கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. 2007இல் மரபணுவை வைத்து வந்த ஆய்வு, இந்த இரண்டு கணக்குமே உறவைச் சொல்லாது என்று காட்டியது. ஆஸ்திரேலியாவின் அசூர் மீன்கொத்தியை எடுத்துக்கொள்ளுங்கள். தண்ணீரில் பாய்ந்து மீன் பிடிப்பது, பார்த்தால் நம் சிறு நீலத்தின் சித்தப்பா பிள்ளை மாதிரி இருப்பது, ஆனால் உண்மையான சொந்தம் காட்டுக்குள் பூச்சி பிடிக்கிற சீயிக்ஸ் கூட்டத்தோடுதான். ஆப்பிரிக்காவில் பூச்சி தின்கிற சின்ன மீன்கொத்திகளைச் சீயிக்ஸில் வைத்திருந்தார்கள், அவை இப்போது தனியாக இஸ்பிடினாவில் இருக்கின்றன. ஒரே தொழில் செய்கிறவர்கள் ஒரே சாயலுக்கு வந்துவிடுவது பறவைகளிலும் உண்டு. எனவே விரலும் அலகும் காதும் உங்களுக்குப் பெயர் கண்டுபிடிக்க உதவும். எது எதற்குச் சொந்தம் என்று அவற்றை வைத்து முடிவு கட்டாதீர்கள்.

பெரிய ஆட்களும் இதில் தவறியிருக்கிறார்கள். உயிரினங்களுக்கு அறிவியல் பெயர் வைக்கிற முறையை வகுத்த லின்னேயஸ் 1758இல் ஒரே நூலில் இந்தச் சிறு நீல மீன்கொத்திக்கு இரண்டு பெயர் வைத்தார், ஒன்றில் மீன்கொத்தியாக, இன்னொன்றில் எகிப்திலிருந்து வந்த மைனா வகையாக. மைனா என்று நினைத்து வைத்த 'அத்திஸ்' என்ற பெயர்தான் இன்றைக்கும் நிலைத்திருக்கிறது. தமிழில் இந்தக் குழப்பம் இல்லை. சங்கப் பாட்டுகளில் இதற்குச் சிரல் என்று அழகான பெயர் இருக்கிறது, அதை மறுபடி புழக்கத்துக்குக் கொண்டுவரலாம் என்பது என் ஆசை.

மூவிரலைத் தேடிப் போகிறவர்களுக்குத் தனியாகச் சொல்ல வேண்டியது ஒன்று. அது இருட்டான ஈரக்காட்டில், ஓடையோரம், முழங்கால் உயரக் கிளையில் சத்தமில்லாமல் உட்கார்ந்திருக்கும். சிலந்தி, வெட்டுக்கிளி, குட்டி நண்டு, தவளை, அரணைக் குஞ்சு எல்லாம் சாப்பாடு. மேற்குக் கடற்கரையின் கொங்கண் பகுதிக்கு ஜூனில் மழையோடு வந்து, மண் இளகியதும் கரையில் வளை தோண்டி, செப்டம்பருக்குள் குஞ்சு பொரித்து முடித்துவிடும். கேமராக்காரர்கள் கூட்டமாகப் போய் வளைக்கு நேரெதிரே உட்காருவதும் அந்தச் சமயத்தில்தான். தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். வாயில் இரையோடு ஒரு பறவை உள்ளே போகாமல் கிளை மாறி மாறி உட்கார்கிறது என்றால் நீங்கள்தான் காரணம், உள்ளே குஞ்சுகள் பசியோடு இருக்கின்றன, உடனே பின்னால் போங்கள். வளைக்கு முன்னால் குச்சி நடுவது, செல்போனில் குரலைப் போட்டு வரவழைப்பது இரண்டும் கூடவே கூடாது. வளையிருக்கும் இடத்தை இணையத்தில் போடுவதும் அதே கணக்குதான்.

கடைசியாக, இந்தச் சின்னப் பறவைகள் தாழ்வாக, வேகமாகப் பறப்பதால் கண்ணாடிச் சன்னலில் மோதிக்கொள்வது உண்டு. மூவிரல் இடம்பெயரும்போது சிங்கப்பூர், மலேசியா பக்கம் இது அடிக்கடி நடக்கிறது. உங்கள் வீட்டு வாசலில் அப்படி ஒன்று கிடந்தால் தண்ணீர் புகட்டாதீர்கள், கையில் வைத்துக்கொண்டு படமெடுக்காதீர்கள். செருப்பு வாங்கின அட்டைப்பெட்டியில் நாலு ஓட்டை போட்டு, அடியில் ஒரு துணி விரித்து, பறவையை மெதுவாக உள்ளே வைத்து மூடி, இருட்டான சத்தமில்லாத இடத்தில் ஒரு மணி நேரம் விடுங்கள். பெரும்பாலும் அதிர்ச்சிதான். உள்ளே படபடவென்று சத்தம் கேட்டதும் வெளியே எடுத்துப்போய், கண்ணாடி இல்லாத பக்கமாகப் பார்த்துப் பெட்டியைத் திறங்கள். ஒரு மணி நேரத்துக்கு மேலும் எழுந்திருக்கவில்லை என்றால், இல்லை சிறகு தொங்கினால், வனத்துறைக்குச் சொல்லிவிடுங்கள்.