காற்று வாசிக்காத ஒரு சுரம்: கற்பனை உலகத்துக்குப் பாட்டு செய்வது எப்படி?

கற்பனை உலகத்தை வைத்துக் கதை எழுதுகிறவர்களுக்கு ஒரு கட்டத்தில் பாட்டு ஒன்று தேவைப்படும். "காற்றே இயற்றிய தெய்வ கானம், கேட்டவர் மெய்மறந்தனர்" என்று எழுதிவிட்டு அடுத்த பத்திக்குத் தாவிவிடுவோம். நானும் அதைத்தான் செய்தேன். படித்த தங்கை, "சரிண்ணா, அது எப்படி இருக்கும்? கொஞ்சம் பாடிக் காட்டு" என்றாள். மாட்டிக்கொண்டேன்.

ஆகவே பாட்டை முதலில் நிஜக் காற்றிடம் கேட்டு வாங்குங்கள். கதையை அப்புறம் கட்டலாம். ச ரி க ம தெரிந்தால் போதும்.

படி 1: காதைத் தீட்டுங்கள்

சேலத்தில் வெயில் காலத்தில் ஃபேன் காற்றுதான் காற்று. பஸ் ஏறி 20 கொண்டை ஊசி வளைவுகளைத் தாண்டி ஏற்காடு போனால் கதை வேறு. காப்பித் தோட்டத்தில் நிழலுக்கு நிற்கும் சில்வர் ஓக் மரங்களில் காற்று புகுந்தால், மழை வருகிறதோ என்று நிமிர்ந்து பார்ப்பீர்கள். சேர்வராயன் கோயில் இருக்கும் உச்சிவெளியில் மரமே குறைவு. அங்கே காற்று உங்கள் காது மடலில் மோதித்தான் பேசும். கேட்டதைக் கேட்டபடி 'சோ', 'ங்ங்', 'கிறீச்' என்று நோட்டில் குறித்துக்கொள்ளுங்கள்.

போனில் பதிவு செய்வதானால் மைக் மேல் ஒரு பழைய சாக்ஸை மாட்டுங்கள். முதல் தடவை நான் மாட்டவில்லை. 40 நிமிடமும் 'புஸ் புஸ்' மட்டும்தான் பதிவாகியிருந்தது. இரண்டாம் தடவை தெளிவாக இருந்தது, என் முறுக்குப் பொட்டலத்தைக் குரங்கு கிழிப்பது உட்பட.

படி 2: ஒரு காற்று யாழ்

முக்கியமான படி இதுதான்: காற்று பட்டால் தானே ஒலிக்கும் யாழ். மூன்றடி நீளத்துக்கு மெல்லிய பிளைவுட் பெட்டி ஒன்று. இரு முனையிலும் மேலே ஒரு குச்சியை ஒட்டி, அதன்மேல் மீன்பிடி நைலான் நரம்புகளை இழுத்துக் கட்டுங்கள். 0.4, 0.5, 0.7 மில்லிமீட்டர் என்று வேறு வேறு தடிமனில் வாங்குங்கள். ஆனால் எல்லாவற்றையும் ஒரே சுருதிக்குச் சேர்க்க வேண்டும். ரொம்ப முறுக்க வேண்டாம், கொஞ்சம் தளர்வே நல்லது. ஜன்னலைச் சின்னச் சந்து விட்டுத் திறந்து, அந்தச் சந்தில் பெட்டியை வையுங்கள். காற்று குறுகி நரம்பின் மேல் ஓட வேண்டும்.

நரம்பைச் சுற்றிப் போகிற காற்று இந்தப் பக்கம் ஒரு சுழி, அந்தப் பக்கம் ஒரு சுழி என்று மாறி மாறி உதிர்க்கும். அந்தத் தாளத்துக்கு நரம்பு அதிரும். காற்றின் வேகத்தை நரம்பின் தடிமனால் வகுத்து (இரண்டும் மீட்டர் கணக்கில்) 0.2-ஆல் பெருக்கினால் அதிர்வு எண், அதாவது நொடிக்கு எத்தனை அதிர்வு என்பது, கிட்டத்தட்ட வந்துவிடும். நொடிக்கு 2 மீட்டர் வேகத்தில் வரும் இளங்காற்று 0.7 மில்லிமீட்டர் நரம்பில் பட்டால் சுமார் 570. வேகம் இரட்டித்தால் ஒலியும் ஒரு ஸ்தாயி, அதாவது ச-விலிருந்து மேல் ச வரை, ஏறும்.

எனக்கு மூன்று நாள் ஒன்றும் கேட்கவில்லை. நான்காம் நாள் சாயங்காலம், யாரோ பக்கத்து அறையில் வாயை மூடிக்கொண்டு முனகுகிற மாதிரி ஒரு 'ம்ம்ம்'. எழுந்து போய்ப் பார்த்தேன். பெட்டியைத் தொட்டதும் நின்றுவிட்டது.

படி 3: கிடைத்ததையும் கிடைக்காததையும் எழுதுங்கள்

நரம்பு இஷ்டப்பட்ட சுரத்தையெல்லாம் தராது. தன் அடிப்படை அதிர்வின் 2, 3, 4, 5, 6 மடங்கு என்றுதான் தாவும். அடிப்படை ச என்றால் வரிசையாக மேல் ச, ப, மறுபடி ச, அந்தர காந்தாரம் (க-வின் மேல் வகை), ப. தம்புராவில் மீட்டாத காந்தாரம் தானாகக் கேட்குமே, தானாகப் பிறக்கும் அதே ஸ்வயம்பு சுரங்கள்தான். 7-வது மடங்கு கொஞ்சம் இறங்கிய கைசிகி நிஷாதம் (நி-யின் ஒரு வகை), 9-வது ரி. 11-வது இரண்டு மத்திமங்களுக்கும் (ம-வின் இரு வகை) நடுவில் இரண்டுங்கெட்டானாக நிற்கும். அவற்றில் கீழே இருக்கும் சுத்த மத்திமம் எத்தனை மடங்கு போனாலும் சரியான இடத்தில் வரவே வராது.

எனக்குக் கதை கிடைத்த இடம் அந்த 'ம'.

படி 4: புராணம்

இனி வேலை சுலபம். காற்றுக்குத் தமிழில் ஏற்கனவே பெயர்கள் உண்டு: வடக்கிலிருந்து வாடை, தெற்கிலிருந்து தென்றல், கிழக்கிலிருந்து கொண்டல், மேற்கிலிருந்து கோடை. புதுப்பெயர் தேடி மண்டையை உடைத்துக்கொள்ள வேண்டாம். என் உலகத்துப் பாட்டுக்கு 'ஊமைக் கோடை' என்று பெயர் வைத்தேன். இரண்டு பாறைகளுக்கு நடுவே முன்னோர் கட்டிய நரம்புகளில் மேல்காற்று அதை வாசிக்கிறது. ம மட்டும் விடுபடுகிறது. ஊரில் யாராவது இறந்தால் பெண்கள் மலையேறிப் போய், காற்று விட்டுவைத்த அந்த ஒரு சுரத்தை மட்டும் பாடுவார்கள். மற்ற நாளில் அதை முணுமுணுப்பது கூடத் தப்பு.

பாட்டைப் பற்றி எழுதும்போது 'இனிமை', 'அமுதம்' இரண்டையும் தள்ளிவையுங்கள். யார் எப்போது பாடலாம், யார் பாடக் கூடாது என்பதை எழுதுங்கள்.

முடித்ததும் தங்கையிடம் படித்துக் காட்டினேன். "இப்பப் பாடு" என்றாள். ச… க… ப… என்று இழுத்து நிறுத்தினேன். அவள் காய் நறுக்கிக்கொண்டே, தன்னை அறியாமல், 'ம' என்று இறங்கினாள்.