நூலகர் வேலையில் இருந்துகொண்டே குழந்தைகளுக்கு எழுதுவது எப்படி?

குழந்தைகளுக்கு எழுத ஆசைப்படும் இளம் நூலகர்கள் சிலர், எழுத்துக்காக வேலையை விட்டுவிடலாமா என்று என்னிடம் கேட்பதுண்டு. வேண்டாம் என்றுதான் சொல்வேன். சம்பளத்துக்காக மட்டும் அப்படிச் சொல்லவில்லை. ஒரு குழந்தை எந்தப் புத்தகத்தை எடுக்கிறது, எந்தப் பக்கத்தில் மூடி வைக்கிறது, மறுபடி எதைத் தேடி வருகிறது என்பதையெல்லாம் நாள் முழுக்கப் பார்க்கக் கிடைக்கிற இடம் நூலகத்தின் குழந்தைகள் பிரிவு. வீட்டில் உட்கார்ந்து எழுதுகிறவர்களுக்கு அது கிடைக்காது. பணிக்காலம் முழுவதும் அந்தப் பிரிவில் இருந்தபடியே எழுதியவள் நான். வேலையை எழுத்துக்கு எப்படிப் பயன்படுத்திக்கொள்வது என்று, எனக்குக் கைகொடுத்த வழிகளை மட்டும் சொல்கிறேன்.

முதலில் ஒரு நோட்டு போடுங்கள். கவுண்டரில் குழந்தை வந்து கேட்பதை, அது சொன்ன சொல்லிலேயே எழுதுங்கள். "நாய் வர்ற கதை வேணும், ஆனா நாய் சாகக்கூடாது." "அண்ணன் எடுத்ததை விடத் தடியா இருக்கணும்." "திக்கித் திக்கிப் பேசுற பையன் கதை இருக்கா?" பக்கத்திலேயே வயது, நீங்கள் எடுத்துக் கொடுத்த புத்தகம், திருப்பித் தரும்போது குழந்தை சொன்னது, இவ்வளவு போதும். பெயர் எழுதாதீர்கள். வாசகர் என்ன படிக்கிறார் என்பது வெளியே போகக்கூடாத விஷயம், அந்த வாசகருக்கு ஆறு வயதுதான் என்றாலும். சில மாதங்களில், ஒரே கேள்வி வேறு வேறு பிள்ளைகளிடமிருந்து வருவது தெரியும். கேட்டலாக்கிலும் அலமாரியிலும் தேடிப் பார்த்தும் பதில் கிடைக்காத கேள்வி எதுவோ, அதுதான் நீங்கள் எழுத வேண்டிய புத்தகம்.

அமெரிக்கக் குழந்தை எழுத்தாளர் பெவர்லி கிளியரிக்கு அப்படித்தான் நடந்தது. 1939-இல் நூலகப் படிப்பை முடித்துவிட்டு, அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தில் யாக்கிமா என்ற ஊரில் குழந்தைகள் நூலகராகச் சேர்ந்தார். அங்கே வந்த பையன்கள் சிலர், எங்களை மாதிரிப் பிள்ளைகளைப் பற்றிய புத்தகம் எங்கே என்று கேட்டார்கள். எடுத்துக் கொடுக்க அவரிடம் அதிகம் இல்லை. அப்புறம் திருமணம், போர்க்காலத்தில் ராணுவ மருத்துவமனை நூலகம், புத்தகக் கடை வேலை என்று வருடங்கள் ஓடின. 1950-இல்தான் முதல் புத்தகம் 'ஹென்றி ஹக்கின்ஸ்' வந்தது. ஒரு சாதாரணப் பையனுக்குத் தெருவில் நாய் ஒன்று கிடைக்கிறது, அதை பஸ்ஸில் ஏற்றி வீட்டுக்குக் கொண்டுபோக அவன் படும் பாடுதான் முதல் அத்தியாயமே. கிளியரி, முதல் வகுப்பில் படிக்கத் திணறும் பிள்ளைகளின் குழுவில் உட்காரவைக்கப்பட்டவர். அந்தப் பையன்களின் கேள்வி பத்து வருடம் கழித்தும் அவர் மனதை விட்டுப் போகாததற்கு அதுவும் ஒரு காரணமாக இருக்கும் என்பது என் எண்ணம்.

பூரா பெல்ப்ரேயின் வழி கொஞ்சம் வேறு. 1921-இல் நியூயார்க் பொது நூலகத்தில் சேர்ந்தவர், அங்கே நூலகராக வந்த முதல் போர்ட்டோ ரீக்கோ தீவுக்காரர். அவர் பாட்டியிடம் கேட்டு வளர்ந்த கதைகள் அந்த நூலகத்தின் நாட்டுப்புறக் கதை அலமாரியில் இல்லை. கரப்பான்பூச்சி மார்ட்டினாவும் எலி பெரேஸும் கல்யாணம் செய்துகொள்ளும் கதையைப் பிள்ளைகளுக்குச் சொல்லிப் பார்த்துவிட்டுத்தான் எழுதினார். 1932-இல் அது புத்தகமானது. ஆங்கிலத்தோடு ஸ்பானிஷிலும் கதை சொன்னார், பொம்மலாட்டம் நடத்தினார். அவர் பெயரில் 1996 முதல் குழந்தை இலக்கிய விருது ஒன்று தரப்படுகிறது. உங்கள் நூலகம் புத்தகங்களைப் பொருள்வாரியாக எண் கொடுத்து அடுக்கும் டியூயி முறையில் இருந்தால், நாட்டுப்புறக் கதைகளுக்கான 398.2 அலமாரிக்கு முன்னால் ஒரு நாள் பொறுமையாக நின்று பாருங்கள். அங்கு வரும் பிள்ளைகளின் வீட்டில் சொல்லப்படும் கதைகளில் எத்தனை அந்த அலமாரியில் இருக்கின்றன?

ஒவ்வொரு வாசகருக்கும் அவருக்குரிய நூல் என்று எஸ். ஆர். ரங்கநாதன் 1931-இல் எழுதிய நூலக அறிவியலின் ஐந்து விதிகளில் இரண்டாவது விதி சொல்கிறது. நாம் எல்லோரும் தேர்வுக்காக மனப்பாடம் செய்ததுதான். அந்த நூல் இன்னும் எழுதப்படவே இல்லை என்றால், உட்கார்ந்து எழுதுவதும் அந்த விதிக்குள்தான் வருகிறது. இதை நான் முழு மனதோடு நம்புகிறேன்.

அடுத்தது, திரும்பி வரும் புத்தகத்தைப் படிக்கக் கற்றுக்கொள்வது. உள்ளே இருக்கும் கதையைச் சொல்லவில்லை, புத்தகத்தின் உடம்பைச் சொல்கிறேன். மேசையில் அதை நிமிர்த்தி வைத்து, மேலிருந்து பக்க ஓரங்களைப் பாருங்கள். நிறைய கை பட்ட பக்கங்கள் பழுப்பேறி, லேசாக உப்பி நிற்கும். கை படாதவை வெள்ளையாக ஒட்டிக் கிடக்கும். முதல் பதினைந்து பக்கம் பழுப்பு, மீதி வெள்ளை என்றால் பிள்ளைகள் அங்கேயே இறங்கிவிட்டார்கள் என்று அர்த்தம். அந்தப் பதினைந்தாம் பக்கத்தை எடுத்துப் படியுங்கள். அநேகமாக ஒரு பெரியவர் உட்கார்ந்து விளக்கம் சொல்ல ஆரம்பித்திருப்பார். மாறாக, புத்தகத்தைக் கீழே வைத்ததும் தானாக ஒரு பக்கம் விரிந்துகொள்கிறதா? பல பிள்ளைகள் திரும்பத் திரும்பத் திறந்த பக்கம் அது. ஏன் திறந்தார்கள் என்று அந்தப் பக்கத்தில் தேடுங்கள். பெரும்பாலும் அங்கே ஏதோ ஒன்று பிடிபடப் போகும், உடையப் போகும், இல்லையென்றால் யாரோ மாட்டிக்கொள்ளப் போவார்கள்.

கழிவுப் பட்டியல் போடும் காலத்தையும் வீணாக்காதீர்கள். தேதிச் சீட்டில் ஒரே ஒரு முத்திரையோடு வருடக்கணக்கில் கிடந்த புத்தகங்களைக் கழிப்பதற்கு முன், சிலவற்றின் முதல் இரண்டு பக்கங்களைப் படித்துவிடுங்கள். எதை எழுதக்கூடாது என்பதற்கு அதைவிட நல்ல பாடம் கிடையாது.

இனி எழுதும் வேலை. படப் புத்தகம் என்றால் எட்டுத் தாள்களை ஒன்றாக அடுக்கி நடுவில் மடியுங்கள், 32 பக்கம் வரும். அச்சில் தாள் மடிக்கும் கணக்கால் படப் புத்தகங்கள் பெரும்பாலும் இந்த அளவில்தான் வருகின்றன. தலைப்புக்கும் பதிப்பு விவரத்துக்கும் முன்பக்கங்கள் போய்விடும். மீதியில் உங்கள் கதையைப் பென்சிலால் பகிர்ந்து எழுதுங்கள். குழந்தை தாளைத் திருப்பும் இடம் உங்கள் கையில் இருக்கும் பெரிய கருவி. கதவைத் தட்டும் சத்தம் வலது பக்கக் கடைசியில் வரட்டும், கதவுக்குப் பின்னால் யார் என்பது திருப்பினால்தான் தெரியட்டும்.

மொழியில், கதை சொல்லும் வரிக்கு எழுத்து நடையும் பாத்திரங்கள் பேசும் வரிக்குப் பேச்சு நடையும் எனக்கு ஒத்துவந்தன. புதிதாக எழுத்துக்கூட்டும் குழந்தைக்கு 'விளையாடிக்கொண்டிருந்தவர்களுக்கெல்லாம்' என்ற ஒற்றைச் சொல் ஏறவே முடியாத படிக்கட்டு. 'பிள்ளைகள் விளையாடினார்கள். அவர்கள் எல்லோருக்கும்' என்று பிரித்து எழுதினால் மூச்சு வாங்காமல் படிக்கும். தமிழில் வினைச்சொல்லும் வேற்றுமை உருபும் ஒன்றன்மேல் ஒன்று ஏறிக்கொண்டே போகும் என்பதால், வாக்கியம் சின்னதாக இருந்தாலே போதும் என்று நினைத்துவிடக் கூடாது. சொல்லும் சின்னதாக இருக்க வேண்டும்.

கதை நேரம் உங்கள் நூலகத்தில் இருந்தால், வெளிவந்த இரண்டு கதைகளுக்கு நடுவில் உங்கள் கதையைப் படியுங்கள். நீங்கள் எழுதியது என்று சொல்ல வேண்டாம். சக ஊழியர் ஒருவரைப் பின்னால் உட்காரவைத்து, பிள்ளைகள் நெளியும் இடத்தில் எல்லாம் பிரதியின் ஓரத்தில் கோடு போடச் சொல்லுங்கள். முடிந்ததும் "நல்லா இருந்துச்சா?" என்று கேட்டுவிடாதீர்கள், ஆமாம் என்றுதான் சொல்வார்கள். அடுத்த வாரம் வரும் பிள்ளையிடம், "போன வாரம் வராத பாப்பாவுக்கு அந்தக் கதையைச் சொல்லேன்" என்று கேளுங்கள். அது விட்டுவிட்டுச் சொல்லும் பகுதிகள் பெரும்பாலும் வெட்ட வேண்டியவை. அது சொந்தமாகச் சேர்த்துச் சொல்வதைக் கவனமாகக் கேளுங்கள். கதையில் நீங்கள் விட்ட ஓட்டையை அது அடைத்துக்கொண்டிருக்கும்.

எங்கே வெளியிடுவது? சிறுவர் இதழ்களில் தொடங்குங்கள். நியூசிலாந்தின் மார்கரெட் மாஹி, பகலில் நூலக வேலை, இரவில் எழுத்து, கூடவே தனியாளாக இரண்டு பெண் குழந்தைகளை வளர்த்துக்கொண்டு, 1960-களில் பள்ளிகளுக்கு வரும் இதழில்தான் கதை எழுதிவந்தார். அந்த இதழில் வந்த ஒரு கதை அமெரிக்கப் பதிப்பாளர் ஒருவரின் கண்ணில் பட்டு, 1969-இல் அவருடைய படப் புத்தகங்கள் வெளிவந்தன. அதன்பிறகும் அவர் உடனே வேலையை விடவில்லை. 1980-இல்தான் முழுநேர எழுத்தாளரானார், 2006-இல் ஹான்ஸ் கிறிஸ்டியன் ஆண்டர்சன் விருது பெற்றார். இதழுக்கு எழுதும்போது பக்க அளவும் கடைசித் தேதியும் உங்களுக்காக யாரோ வைத்துவிடுகிறார்கள். வேலை பார்த்துக்கொண்டு எழுதுகிறவருக்கு அது பெரிய ஒத்தாசை.

இரண்டு விஷயங்களில் கண்டிப்பாக இருங்கள். பணிவிதிகளில் எழுத்து வருமானத்துக்கு முன் அனுமதி தேவையா என்று பார்த்து, எழுத்துமூலம் வாங்கிவிடுங்கள். உங்கள் புத்தகம் நூலகத்துக்கு வாங்கப்படுமானால் அந்தத் தேர்வில் உட்காராதீர்கள், கையெழுத்தும் போடாதீர்கள், வேறு ஒருவர் முடிவு செய்யட்டும். கவுண்டரில் குழந்தைக்கு நீங்களாக உங்கள் புத்தகத்தை எடுத்து நீட்டவும் வேண்டாம். அது உங்கள் பரிந்துரையை நம்பி வருகிறது.

புத்தகம் அலமாரிக்குப் போனபின், ஒரு வருடம் கழித்து அதையும் மேசையில் நிமிர்த்தி வைத்து ஓரங்களைப் பாருங்கள். வெள்ளை எந்தப் பக்கத்திலிருந்து ஆரம்பிக்கிறதோ, அந்தப் பக்க எண்ணை நோட்டில் குறித்துவிட்டு அடுத்த கதையை எடுங்கள்.