உலக நாடுகளைப் பாடமாக்காமல் படிப்பது எப்படி?

வெள்ளவத்தையில் எங்கள் வீடு மூன்றாம் மாடியில். பின்னேரம் ஐந்து மணிக்குப் பிள்ளைகள் வந்து சேருவார்கள். பாதிப் பேர் அரசாங்க வேலைக்கான போட்டிப் பரீட்சை எழுதப் போகிறவர்கள், மீதிப் பேர் பாடசாலையில் வினாடிவினாக் குழுவில் இருப்பவர்கள். முதல் நாள் வரும்போது எல்லார் கையிலும் ஒரே மாதிரிக் கொப்பி இருக்கும். இடப்பக்கம் நாடு, வலப்பக்கம் தலைநகரம், ஓரத்தில் நாணயம். அதை மூடி வைக்கச் சொல்லிவிட்டு யன்னலடிக்குக் கூட்டிப்போவேன்.

கீழே ரயில் பாதை, அதற்கப்பால் கடல். வானம் தெளிவாக இருந்தால் தூரத்தில் இரண்டு மூன்று கப்பல் தெரியும். "அந்தக் கப்பல் லண்டனுக்குப் போகுது என்று வைப்போம். வழியில எந்தெந்த நாடு வரும்?" என்று கேட்பேன். இதுதான் என் முதல் பாடம். வீட்டில் தனியாகப் படிக்கிறவர்களும் இப்படியே தொடங்கலாம்.

அதற்கு ஒரு அட்லஸ் வேண்டும். போனில் பார்த்தால் போதாதா என்று எல்லாரும் கேட்பார்கள். போனில் ஒரு நாட்டைப் பெரிதாக்கப் பெரிதாக்க அயல்நாடுகள் திரைக்கு வெளியே போய்விடும். நமக்கு வேண்டியதோ அயல்தான். நான் வைத்திருப்பது மருதானையில் பழைய புத்தகக் கடையில் வாங்கியது. அதில் இன்னும் சோவியத் யூனியன் இருக்கிறது. அதை வீசவில்லை. புதிய அட்லஸைப் பக்கத்தில் விரித்து வைத்தால், 1991இல் ஒரு நாடு 15 நாடுகளானதைப் பிள்ளைகள் கண்ணாலேயே பார்த்துவிடுவார்கள்.

சரி, கப்பலோடு போவோம். கொழும்பை விட்டு மேற்கே போனால் இடது பக்கம் மாலைதீவு. அங்கே நிறுத்தி மூன்று கேள்வி கேளுங்கள். அயலில் யார்? தலைநகரம் ஏன் அந்த இடத்தில்? அந்த நாட்டைக் கடைசியாக ஆண்டது எந்த வெளிநாடு, எப்போது போனது? மாலைதீவு பிரித்தானியாவின் பாதுகாப்பில் இருந்து விடுபட்டது 1965 யூலை 26. அந்த உடன்படிக்கை கையெழுத்தானது கொழும்பில். இதைச் சொன்ன பிறகு எந்தப் பிள்ளையும் அந்த ஆண்டை மறந்ததில்லை. தன் ஊரில் நடந்த விஷயம் மனதில் தங்கத்தான் செய்யும்.

அடுத்து ஏடன் வளைகுடா. வலப்பக்கம் யேமன், இடப்பக்கம் சோமாலியா. பிறகு பாபெல் மண்டெப் நீரிணை, அகலம் சுமார் 30 கிலோமீற்றர்தான். அதன் ஆபிரிக்கக் கரையில் ஜிபூட்டி. சின்ன நாடுதானே என்று தாண்டிப் போகாதீர்கள், இங்கே கொஞ்ச நேரம் இருங்கள். அமெரிக்கா, பிரான்ஸ், சீனா, ஜப்பான் எல்லாம் அங்கே படைத்தளம் வைத்திருக்கின்றன. ஏன் என்று வரைபடமே சொல்லும்: சூயஸ் கால்வாய்க்குப் போகும் கப்பல் எல்லாம் அந்த வாசலைத் தாண்டித்தான் போகவேண்டும். 2023 கடைசியில் யேமனின் ஹூதிக் கிளர்ச்சியாளர்கள் செங்கடலில் கப்பல்களைத் தாக்கத் தொடங்கியதும் பல கம்பனிகள் ஆபிரிக்காவின் தென்கோடியில் உள்ள நன்னம்பிக்கை முனையைச் சுற்றிக் கப்பலை அனுப்பின. ஜிபூட்டிக்குப் பின்னால் எத்தியோப்பியா. 10 கோடிக்கு மேல் சனம், ஆனால் ஒரு முழம் கடற்கரைகூட இல்லை. 1993இல் எரித்திரியா தனிநாடானபோது கரை முழுவதும் அதனோடு போய்விட்டது. இன்று எத்தியோப்பியாவின் சாமான்களில் மிகப் பெரும்பகுதி ஜிபூட்டித் துறைமுகத்தால்தான் வந்து போகிறது. ஒரு நீரிணையில் நின்று பார்த்ததில் புவியியல், வரலாறு, அரசியல் மூன்றும் கைக்கு வந்துவிட்டன, பார்த்தீர்களா?

அப்புறம் சூயஸ். 1869இல் திறந்தார்கள். 1956இல் எகிப்தின் ஜனாதிபதி நாசர் அதைத் தன் நாட்டின் உடைமையாக்கினார். பிரித்தானியா, பிரான்ஸ், இஸ்ரேல் மூன்றும் படையெடுத்தும், அமெரிக்காவும் சோவியத் யூனியனும் எதிர்த்ததால் பின்வாங்கவேண்டி வந்தது. இதில் நமக்கும் பங்கு உண்டு. கால்வாய் திறந்தபின் இந்தப் பக்கம் நீராவிக் கப்பல்கள் பெருகின. கொழும்புத் துறைமுகத்தின் அலைதடுப்பு அணைக்கு 1875இல் அடிக்கல் நாட்டினார்கள். அதுவரை கப்பல்கள் அதிகம் தங்கியது காலியில். எகிப்தில் வெட்டிய கால்வாய் எங்கள் ஊரையும் மாற்றிவிட்டது.

இந்த வழியை ஒரு வாரம் பார்த்தபின் கையால் வரையுங்கள். அழகு தேவையில்லை. ஆபிரிக்காவை ஒரு பெரிய மாங்காய் மாதிரிக் கீறி, பத்து நாட்டை மட்டும் போடுங்கள். வரையும்போதுதான் கேள்வி வரும். கம்பியாவை வரைந்த பிள்ளை ஒருவர், "ரீச்சர், இது செனகலுக்குள்ள புழு ஊர்ந்த மாதிரி இருக்கே" என்றார். அதுவேதான். கம்பியா ஆற்றைப் பிரித்தானியர் பிடித்திருந்தார்கள், சுற்றியுள்ள நிலத்தைப் பிரெஞ்சுக்காரர் பிடித்திருந்தார்கள். அவர்கள் தங்களுக்குள் போட்ட கோடு இன்று ஒரு நாட்டின் எல்லை. இன்னொரு நாள் பன்னிரண்டு வயது மகள் ஒருத்தி, "பொலிவியாவுக்குக் கடலே இல்லை, பிறகு ஏன் கடற்படை?" என்று கேட்டாள். 1879இல் தொடங்கிய போரில் சிலியிடம் கரையை இழந்த கதையை அன்று முழுக்கப் பேசினோம். அந்தக் கடற்படை இப்போது டிட்டிகாக்கா ஏரியிலும் ஆறுகளிலும் இருக்கிறது. மார்ச் 23ஐ அவர்கள் இன்றும் கடல் தினமாக நினைவுகூருகிறார்கள்.

தலைநகரங்களுக்கு வருவோம். பெயரை மட்டும் படிப்பது வீண் வேலை. ஏன் அங்கே என்று கேளுங்கள். சிட்னியும் மெல்பேர்ணும் விட்டுக்கொடுக்காததால் கன்பரா. உள்நாட்டை வளர்க்கவேண்டும் என்று 1960இல் பிரேசிலியா. தென்னாபிரிக்காவுக்கு மூன்று: பிரிட்டோரியா, கேப்டவுன், புளூம்பொன்டீன். நம் நாட்டுக்கே "கொழும்பு" என்று எழுதி மதிப்பெண் இழக்கிறவர்கள் இருக்கிறார்கள். பாராளுமன்றம் 1982இல் காலிமுகத்திடலில் இருந்து ஸ்ரீ ஜயவர்தனபுர கோட்டைக்குப் போய்விட்டது. பழைய கைநூல் ஒன்றை நம்பி, மியன்மாரின் தலைநகர் யங்கோன் என்று எழுதிவிட்டு வந்த பிள்ளை ஒன்று என் முன்னால் அழுதது. 2005இலேயே அரசாங்கம் நேப்பிடோவுக்கு மாறத் தொடங்கியிருந்தது. எனக்கு அன்று முழுக்க மனம் ஆறவில்லை. அதனால்தான் கொப்பியின் கடைசிப் பக்கத்தை மாறுகிற விஷயங்களுக்கு ஒதுக்கச் சொல்கிறேன். சுவாசிலாந்து 2018இல் எஸ்வாத்தினி, மசிடோனியா 2019இல் வட மசிடோனியா. ஒவ்வொரு வரிக்கும் நீங்கள் சரிபார்த்த திகதியைப் பென்சிலால் போடுங்கள்.

ஆண்டுகளைத் தனித்தனியாகத் தொடாதீர்கள், கொத்துக் கொத்தாகப் பிடியுங்கள். 1960 ஒரு கொத்து: ஆபிரிக்காவில் அந்த ஒரே ஆண்டில் சுதந்திரம் பெற்றவை 17 நாடுகள், அதில் 14 பிரான்ஸிடம் இருந்தவை. 1965 இன்னொரு கொத்து: கம்பியா, மாலைதீவு, சிங்கப்பூர். ஐ.நா.வில் 193 உறுப்பு நாடுகள், கடைசியாகச் சேர்ந்தது 2011இல் தென் சூடான்.

ஆட்சி முறையில் பிள்ளைகள் அதிகம் தடுமாறுவது ஒரே இடத்தில்தான். அரச தலைவர் வேறு, அரசாங்கத் தலைவர் வேறு. ஜேர்மனியில் ஜனாதிபதியும் உண்டு, ஆட்சி நடத்துவது சான்சலர். கனடாவுக்கும் அவுஸ்திரேலியாவுக்கும் இன்றும் பிரித்தானிய மன்னரே அரச தலைவர். இது விளங்காவிட்டால் வீட்டில் பெரியவர்களிடம் கேளுங்கள். 1948இல் சுதந்திரம் கிடைத்தும் 1972 மே 22 வரை நமக்கும் அப்படித்தான். என் அம்மா மகாராணி தலை போட்ட காசை ஒரு தகர டப்பாவில் வைத்திருந்தார். அதை மேசையில் வைத்தால் அரை மணி நேர விளக்கம் மிச்சம்.

கொடி, நாணயம், தேசிய மலர் எல்லாம் கடைசி வாரத்துக்கு. அவற்றைப் பாடமாக்கத்தான் வேண்டும், வேறு வழியில்லை.

பரீட்சைக்கு முதல் நாள் கொப்பியைத் திறக்காதீர்கள். தம்பியையோ தங்கச்சியையோ எதிரே இருத்தி, வெறும் தாளில் கொழும்பில் ஒரு புள்ளி வைத்து, லண்டன் வரை கப்பலை ஓட்டிக் கதை சொல்லுங்கள். எங்கே வாய் நிற்கிறதோ அந்த நாட்டை மட்டும் அட்லஸில் எடுத்துப் பாருங்கள். பிறகு பேனை முனையை நன்னம்பிக்கை முனைப் பக்கம் திருப்பி, அந்த வழியால் ஒருமுறை போய்ப் பாருங்கள்.