ஒரு மாறிச் சமன்பாடு: குறி ஏன் மாறுகிறது என்று தெரிந்துகொண்டு போடுவோம்

"அந்தப் பக்கம் போனால் பிளஸ் மைனஸ் ஆகும்." இந்த ஒரு வரியை மட்டும் மனப்பாடம் செய்துகொண்டு சமன்பாடு போடுகிற பிள்ளைகள் நிறைய. சின்னக் கணக்குக்கு அது ஓடும். அடைப்புக்குறி வந்தால் தடுமாறிவிடுவார்கள். அதனால் குறி ஏன் மாறுகிறது என்பதிலிருந்தே தொடங்குவோம்.

2013-ல் தமிழக அரசு சென்னை ஆட்டோக்களுக்கு ஒரு மீட்டர் கட்டணம் நிர்ணயித்தது. முதல் 1.8 கிலோமீட்டருக்கு 25 ரூபாய், அதற்கு மேல் கிலோமீட்டருக்கு 12 ரூபாய். வழியில் எங்கும் காத்திருக்கவில்லை, மீட்டரில் 85 ரூபாய். அப்படியென்றால் 1.8-க்கு மேல் எத்தனை கிலோமீட்டர் ஓடியது?

படி 1: தெரியாததற்குப் பெயர் வையுங்கள். பாடப்புத்தகத்தில் எக்ஸ் என்று இருக்கும். இங்கே 'ப' என்று வைத்துக்கொள்வோம். இப்படிப் பெயர் வைத்த தெரியாத எண்தான் மாறி.

12ப + 25 = 85

படி 2: தனி எண்ணை நீக்குங்கள். சமக்குறி சொல்வது, இரண்டு பக்கமும் ஒரே மதிப்பு என்பதைத்தான். ஒரு பக்கம் எதைச் செய்தாலும் மறுபக்கமும் அதையே செய்தால் சமம் கெடாது. இரண்டு பக்கமும் 25-ஐக் கழியுங்கள்:

12ப + 25 − 25 = 85 − 25
12ப = 60

முதல் வரியைப் பாருங்கள். இடப்பக்கம் இருந்த +25 மறைந்து, வலப்பக்கம் −25 வந்திருக்கிறது. "குறி மாறும்" என்பது இதன் குறுக்குவழிதான். எண் எங்கும் தாவவில்லை.

படி 3: கெழுவால், அதாவது மாறியைப் பெருக்கும் எண்ணால், வகுங்கள். 12ப என்பது 12 × ப. பெருக்கலை நீக்க வகுத்தல்தான் வேண்டும். 12-ஐக் கழிப்பதோ, −12-ஆல் வகுப்பதோ தவறு.

ப = 60 ÷ 12 = 5

படி 4: சரிபாருங்கள். 12 × 5 + 25 = 85. சரி. ஆட்டோ மொத்தம் ஓடியது 6.8 கிலோமீட்டர்.

இரண்டு பக்கமும் மாறி இருந்தாலும் இதே முறைதான். 7ப − 4 = 3ப + 20 என்றால், இரு பக்கமும் 3ப-வைக் கழித்து 4-ஐக் கூட்டுங்கள். 4ப = 24, ப = 6.

அதிகம் பேர் சறுக்குவது இந்த மாதிரிக் கணக்கில்:

20 − 3(ப − 2) = 5

அடைப்புக்குறிக்கு வெளியே இருப்பது வெறும் 3 அல்ல, −3. அது உள்ளே இருக்கும் −2-ஐயும் பெருக்கும்; (−3) × (−2) = +6.

20 − 3ப + 6 = 5
26 − 3ப = 5

இனி இரு பக்கமும் 3ப-வைக் கூட்டி, 5-ஐக் கழித்தால் 21 = 3ப. ஆக, ப = 7.

+6-க்குப் பதில் −6 என்று எழுதியிருந்தால் ப = 3 வந்திருக்கும். அதைக் கேள்வியில் போட்டுப் பாருங்கள்: 20 − 3 × 1 = 17. வர வேண்டியது 5. அரை நிமிடத்தில் தவறு பிடிபட்டுவிடும். நான்காம் படியை எந்த அவசரத்திலும் விடாதீர்கள் என்று சொல்வது இதனால்தான்.

அப்புறம், நீங்களே போட ஒரு கணக்கு. கி.மு. 1550 வாக்கில் எழுதப்பட்ட எகிப்தின் ரைண்ட் பாப்பிரஸ் என்ற கணக்குச் சுவடியில் உள்ளது: ஒரு தொகையோடு அதன் ஏழில் ஒரு பங்கைச் சேர்த்தால் 19. அந்தத் தொகை எவ்வளவு?

ப + ப/7 = 19 என்று எழுதி, முதல் வேலையாக இரு பக்கமும் 7-ஆல் பெருக்குங்கள். விடை முழு எண்ணாக வராது. 16⅝ வந்தால் சரி.