மேடையிலும் திரையிலும் வாழ்ந்த பெண்களின் வரலாற்றை எழுதுவது எப்படி?

நடிகை அல்லது பாடகி ஒருவரின் வாழ்க்கை வரலாற்றை எழுத முனைபவர் முதலில் அவருடைய ஆண்டுகளை எண்ண வேண்டும். கொடுமுடியில் 1908-இல் பிறந்த கே.பி. சுந்தராம்பாளை எடுத்துக்கொள்வோம். அவருடைய கணவரும் நாடக நடிகருமான எஸ்.ஜி. கிட்டப்பா 1933-இல் மறைந்தபோது சுந்தராம்பாளுக்கு வயது 25. அதற்குப் பிறகும் 1980 வரை, ஏறத்தாழ 47 ஆண்டுகள் வாழ்ந்தார். 1935-இல் 'நந்தனார்' படத்தில் ஆண் வேடம் ஏற்றதும், 1953-இல் ஔவையாராகத் திரையில் தோன்றியதும், சட்ட மேலவையில் உறுப்பினராக அமர்ந்ததும் அந்த ஆண்டுகளில்தான். ஆனால் அவரைப் பற்றிய கட்டுரைகள் பலவும் கிட்டப்பாவுடனான காதலோடும், அவர் மறைவுக்குப் பின் உடுத்திய வெள்ளைப் புடவையோடும் நின்றுவிடுகின்றன; இதை அவருக்கு இழைக்கப்படும் அநீதியாகவே கருதுகிறேன்.

எனவே நீண்ட தாளொன்றில் ஆண்டுக்கு ஒரு வரி ஒதுக்கி, தெரிந்தவற்றை நிரப்புங்கள். வெறுமையாக நிற்கும் வரிகளே நீங்கள் தேட வேண்டியவை.

தேடலை, படத்தின் பாடல்களும் கதைச் சுருக்கமும் அச்சிட்ட பாட்டுப் புத்தகங்களிலிருந்து தொடங்கலாம். சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் பழைய பாட்டுப் புத்தகங்களும் நாடக நோட்டீசுகளும் பாதுகாக்கப்பட்டுள்ளன. மங்கிய அட்டை, துருவேறிய கம்பி, தொட்டால் உதிரும் தாள். கதைச் சுருக்கத்தின் முடிவில் 'மீதியை வெள்ளித்திரையில் காண்க' என்ற வரி. அதைப் படித்துவிட்டு மூடிவிடாமல், நடிகர் பட்டியலில் அவர் பெயர் எத்தனையாவது இடத்தில், எவ்வளவு பெரிய எழுத்தில் அச்சாகியிருக்கிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். அன்றைய சந்தையில் அவருக்கிருந்த மதிப்பை அந்த எழுத்தின் அளவு காட்டிவிடும். 'நந்தனார்' படத்துக்குச் சுந்தராம்பாள் ஒரு லட்சம் ரூபாய் ஊதியம் பெற்றார் என்று பரவலாகச் சொல்லப்படுகிறது. இத்தகைய செய்தியைப் பிற்காலக் கட்டுரையிலிருந்து எடுத்தாளாமல், அதே ஆண்டின் இதழ்களோடு ஒப்பிட்ட பின்னரே எழுத வேண்டும்.

உறவினரையும் உடன் பணியாற்றியவர்களையும் சந்திக்கும்போது, "அம்மா எப்படிப்பட்டவர்?" என்று கேட்டால் புகழுரைதான் கிடைக்கும். நாடகம் முடிந்து எத்தனை மணிக்குச் சாப்பிட்டார், ஆர்மோனியத்துக்கு யார் உட்கார்ந்தார், கணக்கை யார் பார்த்தார் என்று கேளுங்கள்.

கடிதங்கள் கிடைத்தால் கூடுதல் கவனம் வேண்டும். கடிதத் தாள் அதை வைத்திருப்பவருக்குச் சொந்தமாக இருந்தாலும், அதிலுள்ள எழுத்தின் உரிமை எழுதியவரின் வாரிசுகளுக்கே உரியது. ஆகவே அச்சிடுவதற்கு முன் அவர்களிடம் எழுத்துமூலம் இசைவு பெற்று, அந்த இசைவுக் கடிதத்தையும் கோப்பில் வைத்துக்கொள்ளுங்கள்.